சிங்குக்குக் கீழே உறுமும் மெஷின்: கழிவு அரைப்பானைக் கையாளப் பழகுவோம்

விசுவமடுவில் இருந்து ஒரு மாமி தொலைபேசி எடுத்தார். "தம்பி, குசினிக்குள்ள நிக்கிற மெஷின் செத்துப்போச்சு. மகன் லண்டனில இருந்து கொண்டுவந்து பூட்டினது. அவனிட்டை எப்படிச் சொல்லுறதெண்டு தெரியேல்ல." போய்ப் பார்த்தேன். மெஷின் சாகவில்லை. உள்ளே ஒரு தேக்கரண்டி சிக்கியிருந்தது. அடியில் இருக்கும் சிவப்புப் பட்டன் வெளியே தள்ளிக்கொண்டு நின்றது. கரண்டியை எடுத்துப் பட்டனை அமத்தியதும் ஓடத் தொடங்கிவிட்டது. பத்து நிமிட வேலை. ஆனால் மாமி மூன்று கிழமையாகச் சிங்கைத் தொடாமல், முற்றத்துக் குழாயடியில் குந்தியிருந்து பாத்திரம் கழுவியிருக்கிறார்.

கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பக்கம் பைப் வேலையும் வயரிங்கும் செய்யும் எனக்கு இப்படியான அழைப்புகள் இப்போது அடிக்கடி வருகின்றன. வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகள் ஊரில் வீடு கட்டும்போது, தாங்கள் அங்கே பழகிய குசினியையே இங்கேயும் அமைக்கிறார்கள். மெஷின் வருகிறது, அதை எப்படிப் பாவிப்பது, நின்றுபோனால் என்ன செய்வது என்று அம்மாவுக்கோ அத்தைக்கோ யாரும் இருத்திச் சொல்லிக் கொடுப்பதில்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன். ஸ்பனர் பிடித்துப் பழகாதவர்களும் விளங்கிக்கொள்ளலாம்.

எங்கள் பக்கம் இதைக் "குப்பை அரைக்கிற மெஷின்" என்கிறார்கள். இங்கே சுருக்கமாக அரைப்பான் என்று சொல்கிறேன். குப்பை என்ற அந்தச் சொல்தான் பாதிப் பிரச்சினைக்குக் காரணம். குப்பை என்றவுடன் குசினியில் மிஞ்சும் எல்லாவற்றையும் போடலாம் என்று நினைத்துவிடுகிறோம். இது குப்பைத் தொட்டி அல்ல. பாத்திரம் கழுவும்போது தட்டில் ஒட்டியிருக்கும் மிச்சத்தைத் தண்ணீர் இழுத்துக்கொண்டு போகக்கூடிய அளவுக்குப் பொடியாக்கிக் கொடுக்கும் கருவி. இந்த ஒன்றை மனதில் வைத்தால் மீதி எல்லாம் தானாக விளங்கும்.

அமெரிக்காவின் விஸ்கொன்சின் மாநிலத்தில் ரசீன் என்ற ஊரைச் சேர்ந்த ஜோன் ஹம்மஸ் என்ற கட்டடக் கலைஞர் 1927இல் இதை உருவாக்கினார். 1935இல் காப்புரிமை கிடைத்தது, 1938இல் தயாரிப்புக் கம்பனி தொடங்கினார். அந்த நாட்டு வீடுகளில் சிங்கின் தண்ணீர் தெருவுக்கு அடியில் ஓடும் ஊர்ப் பொதுக் கழிவுக் குழாய்க்குப் போகிறது. எங்கள் வன்னி வீடுகளில் அது எங்கள் வளவுக்குள்ளேயே இருக்கும் குழிக்குப் போகிறது. இந்த வித்தியாசம் பெரிய வித்தியாசம். பிறகு வருகிறேன்.

உள்ளே என்ன நடக்கிறது?

சிங்கின் ஓட்டைக்கு நேர் கீழே சின்னக் குடம் அளவில் ஓர் உருளை தொங்குகிறது. மேல் பாதி வெறும் அறை. கீழ்ப் பாதியில் மோட்டர். இரண்டுக்கும் நடுவில் ஓர் உருக்குத் தட்டு சுற்றுகிறது. பலரும் நினைப்பதுபோல பிளெண்டரில் இருக்கும் கத்தி இதற்குள் கிடையாது. தட்டின் மேலே இரண்டு சிறிய உருக்குக் கட்டைகள் இருக்கும். தட்டு சுற்றும் வேகத்தில் அவை உணவை வெளிப்பக்கமாக எறிகின்றன. வெளிச்சுவரில் அசையாமல் நிற்கும் ஒரு வளையம், அதில் பற்கள். தேங்காய்ப் பாதியைத் துருவலைப் பல்லில் அழுத்திச் சுற்றும்போது பூ உதிர்வதை நினைத்துப் பாருங்கள். அதே வேலைதான் இங்கே நடக்கிறது. உணவு பல்லில் உரசிப் பொடியாகி, வளையத்தின் இடைவெளிகளால் தண்ணீரோடு சேர்ந்து கீழே இறங்கி, பக்கத்துக் குழாயால் வெளியே போகிறது.

ஆக, அரைக்க மோட்டர் வேண்டும், இழுத்துப் போகத் தண்ணீர் வேண்டும், வழிவிடக் குழாய் வேண்டும். என்ன பழுது வந்தாலும் இந்த மூன்றில் எது நின்றுபோயிற்று என்று கேட்டுப் பாருங்கள். அநேகமாக அதற்குப் பதில் உங்கள் காதுக்கே கிடைக்கும்.

சத்தத்தைக் கேளுங்கள்

சுவிட்சைப் போட்டதும் சத்தமே இல்லை என்றால் கரன்ட் மோட்டருக்குப் போகவில்லை. பிளக் சரியாகச் செருகியிருக்கிறதா, ட்ரிப் சுவிட்ச் விழுந்திருக்கிறதா, அந்த இணைப்புக்கான பிரேக்கர் கீழே நிற்கிறதா என்று பாருங்கள். எல்லாம் சரி என்றால் குனிந்து மெஷினின் அடிப்பக்கத்தைத் தடவுங்கள். அநேகமான மெஷின்களில் அங்கே ஒரு சிறிய சிவப்புப் பட்டன் இருக்கும். மோட்டர் அளவுக்கு மீறிச் சூடானால் அது தானாக வெளியே வந்து கரன்டைத் துண்டித்துவிடும். மோட்டர் எரியாமல் காப்பதற்காக வைத்த காவல்காரன் அது. சுவிட்சை நிறுத்தி, பத்து நிமிடம் ஆற விட்டு, பட்டனை உள்ளே அமத்துங்கள். உள்ளே நிற்காமல் திரும்ப வந்தால் இன்னும் ஆறவில்லை, சற்றுப் பொறுங்கள்.

மெஷினைப் போடும் ஒவ்வொரு தடவையும் ட்ரிப் சுவிட்ச் விழுகிறதா? அதைத் திரும்பத் திரும்பத் தூக்கி விட்டுப் பார்க்காதீர்கள். மோட்டருக்குள் ஈரம் போயிருக்கலாம், கரன்ட் வெளி உலோகத்துக்குக் கசியலாம். பிளக்கைக் கழற்றி வைத்துவிட்டு வயரிங் தெரிந்த ஆளைக் கூப்பிடுங்கள். தண்ணீரும் கரன்டும் ஒரே இடத்தில் சேரும் கருவி இது. கண்டிப்பாக எர்த் இருக்க வேண்டும். எங்கள் பக்கம் ஆடி, ஆவணியில் நிலம் காய்ந்து வெடிக்கும்போது, மண்ணில் அடித்த எர்த் கம்பி தன் வேலையைச் சரியாகச் செய்யாது. கம்பி அடித்த இடத்தில் அவ்வப்போது ஒரு வாளி தண்ணீர் ஊற்றுவது நல்ல பழக்கம். இது அரைப்பானுக்கு மட்டுமல்ல, முழு வீட்டுக்கும் பாதுகாப்பு.

அடுத்தது உறுமல். "ம்ம்ம்" என்று ஒரு முனகல் மட்டும் வரும், அரைக்கும் சத்தம் வராது. தட்டு சிக்கி நிற்கிறது, மோட்டர் அதைத் திருப்ப முடியாமல் திணறுகிறது என்று அர்த்தம். உடனே நிறுத்துங்கள். இன்னும் கொஞ்சம் விட்டால் சுற்றிவிடும் என்று காத்திருக்க வேண்டாம். நின்ற மோட்டர், ஓடும் மோட்டரைவிடப் பல மடங்கு கரன்ட் இழுக்கும். அந்தச் சூட்டில் மோட்டருக்குள் இருக்கும் கம்பிச் சுருள் கருகும்.

பிளக்கைக் கழற்றுங்கள். சுவிட்சை நிறுத்தினால் போதாது, பிளக்கையே வெளியே எடுங்கள். பிறகு டோர்ச் அடித்து மேலிருந்து பாருங்கள். கரண்டி, போத்தல் மூடி, சிறு எலும்பு, புளியங்கொட்டை என்று ஏதாவது தட்டுக்கும் வளையத்துக்கும் நடுவில் மாட்டியிருக்கும். நீண்ட இடுக்கியால் எடுங்கள். கையை விடாதீர்கள். கத்தி இல்லைத்தான், ஆனாலும் பல் வைத்த உருக்கு வளையம் விரலைக் கிழிக்கும். பிளக் கழற்றியிருந்தாலும் என் கை உள்ளே போவதில்லை.

எதுவும் தெரியவில்லை, ஆனால் தட்டு இறுகி நிற்கிறது என்றால் அடிப்பக்கத்தின் நடுவில் பாருங்கள். ஆறு மூலை கொண்ட ஒரு துளை இருக்கும். அதற்குப் பொருந்தும் ஆறு மூலைச் சாவி, எலன் கீ என்பார்கள், மெஷினோடு சேர்ந்தே வரும். பெட்டியைத் தூக்கி எறியும்போது அதையும் சேர்த்து எறிந்துவிடுகிறார்கள், கவனம். அநேகமாக அது கால் அங்குலம், அதாவது 6.35 மில்லிமீற்றர். எங்கள் ஹாட்வெயார் கடைகளில் வாங்கும் 6 மில்லிமீற்றர் சாவியும் உள்ளே போகும், ஆனால் இறுக்கித் திருப்பும்போது வழுக்கி மூலைகளைத் தேய்த்துவிடும். அங்குலச் சாவியாகவே கேட்டு வாங்குங்கள். சாவியைச் செருகி இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் மாறி மாறித் திருப்புங்கள். முதலில் ஆட்டம் கொடுக்கும், பிறகு முழுச் சுற்றும் வரும். சிக்கியதை எடுத்துவிட்டுச் சிவப்புப் பட்டனை அமத்தி, தண்ணீரைத் திறந்து, பிறகு சுவிட்சைப் போடுங்கள். சில மெஷின்களில் கீழே துளை இருக்காது. அப்படியானால் பிளக் கழற்றிய நிலையில், தும்புத்தடியின் மரக் கைப்பிடியை மேலிருந்து விட்டு, தட்டின் மேலுள்ள உருக்குக் கட்டை ஒன்றின் பக்கத்தில் முண்டு கொடுத்துத் தள்ளுங்கள்.

சாவியால் திருப்பும்போது தட்டு இலகுவாகச் சுற்றுகிறது, ஆனால் சுவிட்சைப் போட்டால் உறுமல் மட்டும்தான் வருகிறது என்ற நிலையும் உண்டு. இங்கே இரண்டு காரணம். ஒன்று, மோட்டரைத் தொடக்கி விடும் பாகம் பழுதாகியிருக்கும். அது கடைக்காரர் வேலை. மற்றது வோல்ட் குறைவு. டிரான்ஸ்போமருக்கு வெகுதூரத்தில் உள்ள வீடுகளில் பொழுதுபட்ட நேரம் மின்குமிழ் மங்கி எரிவதைப் பார்த்திருப்பீர்கள். 230 வோல்ட் 190க்கு இறங்கினால் மோட்டரின் திருப்பும் பலம் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு குறைந்துவிடும், ஏனென்றால் பலம் வோல்ட்டின் வர்க்கத்தோடு சேர்ந்து இறங்குகிறது. மின்குமிழ் மங்கியிருக்கும் நேரத்தில் அரைப்பானைத் தொடாதீர்கள். காலையில் போட்டுப் பாருங்கள், ஓடும்.

கடகடவென்று அடிக்கும் சத்தம் வந்தால் உள்ளே கடினமான பொருள் ஒன்று கிடந்து துள்ளுகிறது. எடுத்தால் சரி. ஒன்றும் இல்லாத வெறும் அறையிலும் உரசும் சத்தம் தொடர்ந்து வந்தால், மோட்டரின் தண்டைத் தாங்கிச் சுற்ற விடும் பெயரிங் தேய்கிறது. கொஞ்சக் காலம் ஓடும், பிறகு மாற்ற வேண்டிவரும்.

கனடா மெஷினும் லண்டன் மெஷினும்

பொதியில் போட்டு அனுப்பும் முன் பிள்ளைகள் அறிந்திருக்க வேண்டியது இது. பரந்தன் பக்கம் ஒரு வீட்டில் ரொறன்ரோவில் இருந்து வந்த புத்தம் புது மெஷினுக்குப் பிளக்கை மட்டும் மாற்றிச் செருகியிருக்கிறார்கள். சுவிட்சைப் போட்டதும் புகைதான் வந்தது. கனடாவிலும் அமெரிக்காவிலும் வீட்டு மின்சாரம் 120 வோல்ட், 60 ஹேர்ட்ஸ். எங்களுடையது 230 வோல்ட், 50 ஹேர்ட்ஸ். ஹேர்ட்ஸ் என்பது மின்சாரம் ஒரு செக்கனுக்கு எத்தனை தடவை அலைகிறது என்ற கணக்கு. ஏறக்குறைய இரண்டு மடங்கு வோல்ட் ஏறினால் எந்தச் சுருளும் தாங்காது.

வோல்ட்டைக் குறைக்கும் டிரான்ஸ்போமர் வைத்தால் சரிதானே என்று கேட்கிறார்கள். வோல்ட் சரியாகும், ஹேர்ட்ஸ் மாறாது. இந்த வகை மோட்டரின் வேகம் ஹேர்ட்ஸைப் பொறுத்தது. அங்கே நிமிடத்துக்கு 1725 சுற்றுப் போகும் மோட்டர் இங்கே 1425 அளவில்தான் சுற்றும், கூடுதலாகச் சூடாகும். ஓடுமே தவிர நீண்ட காலம் நிற்காது. இங்கிலாந்தில் வாங்கியது என்றால் இந்தச் சிக்கல் இல்லை; மின்சாரமும் 13 அம்பியர் பிளக்கும் எங்களுடையதோடு ஒத்துப்போகும். எதுவானாலும் மெஷினின் பக்கத்தில் ஒட்டியிருக்கும் தகட்டைப் படியுங்கள். அதில் 220 முதல் 240 வோல்ட், 50 ஹேர்ட்ஸ் என்று இருந்தால் பயமில்லாமல் பூட்டலாம்.

எதைப் போடலாம், எதைப் போடக்கூடாது

அறிவுறுத்தல் புத்தகத்தில் வெளிநாட்டு மரக்கறிகளின் பெயர்கள் இருக்கும். எங்கள் குசினிக்கு அது பெரிதாக உதவாது. எங்கள் சாப்பாட்டை வைத்தே சொல்கிறேன்.

நார் உள்ள எதுவும் வேண்டாம். முருங்கைக்காய்ச் சக்கை, வாழைப்பூ நார், கீரைத்தண்டு, தேங்காய்த் தும்பு, பனங்கிழங்கு நார், பலாப்பழச் சடை எல்லாம் பொடியாகாமல் நூலாகப் பிரிந்து தட்டைச் சுற்றிக்கொள்ளும். முருங்கைக்காய்ச் சக்கையை மட்டும் நிறுத்தினாலே எனக்கு வரும் அழைப்புகளில் கணிசமானவை குறைந்துவிடும். கச்சான் கோது, நண்டுக் கோது, சிரட்டைத் துண்டு, மாங்கொட்டை, ஆட்டெலும்பு எல்லாம் கடினம். நந்திக்கடல் இறால் வாங்கிச் சுத்தம் செய்யும் நாளில் அந்தக் கோதை ஒரு கடதாசியில் சேருங்கள். சிங்குக்குள் தள்ள வேண்டாம்.

சோறு மென்மையானதுதானே என்று சட்டியோடு கவிழ்ப்பார்கள். சோறும் புட்டும் இடியப்பமும் மெஷினுக்குள் இலகுவாக அரைபடும். வில்லங்கம் அதற்குப் பிறகுதான். அரைபட்ட மாப்பொருள் குழாயின் வளைவில் தங்கி, தண்ணீரை உறிஞ்சி ஊதி, கூழாகி, பிறகு பசையாகிறது. தேயிலைச் சக்கையும் அதோடு சேர்ந்தால் சீமெந்துக் கலவைபோல இறுகிவிடும். தட்டில் ஒட்டிய நாலு பருக்கை போகலாம். பானையில் மிஞ்சிய சோறு போகக்கூடாது. எண்ணெயும் அப்படித்தான். பொரித்த எண்ணெயை ஊற்றாதீர்கள். குழாய்ச் சுவரில் படிந்து, வருவதையெல்லாம் பிடித்து வைத்துக்கொள்ளும்.

அப்படியானால் இதற்குள் என்னதான் போவது? தட்டில் மிஞ்சிய குழம்பு, பருப்பு, மரக்கறித் துண்டு, தோடம்பழச் சுளை, பப்பாசியின் மென்மையான சதை. அவ்வளவுதான். மீதியைக் கோழிக்கும் மாட்டுக்கும் கொடுங்கள், இல்லை தென்னம்பிள்ளைக்கு அடியில் தாட்டுங்கள். எங்கள் ஆச்சிமார் செய்தது அதுதான். வளவும் தென்னையும் இருக்கும் வீட்டில் அரைப்பானுக்கு வேலை குறைவாக இருப்பதே நல்லது என்பது என் அபிப்பிராயம்.

பாவிக்கும் முறை எளிது. முதலில் தண்ணீரைத் திறங்கள். பிறகு சுவிட்ச். பிறகு கொஞ்சம் கொஞ்சமாகப் போடுங்கள். அரைக்கும் சத்தம் தெளிந்த பிறகும் அரை நிமிடம் தண்ணீர் ஓடட்டும், அந்த அரை நிமிடத்தில்தான் அரைபட்டது குழாயைக் கடந்து போகிறது. பச்சைத் தண்ணீரே பாவியுங்கள். சுடுதண்ணீர் கொழுப்பை உருக்கி உள்ளே கொண்டுபோய், ஆறியதும் நடுவழியில் உறைய விட்டுவிடும். குழாயில் வரும் தண்ணீர் போதுமா என்று அறிய, 10 லீற்றர் வாளியை அதற்குக் கீழே வையுங்கள். ஒன்றரை நிமிடத்துக்குள் நிறைந்தால் போதும். மேல்தாங்கியில் தண்ணீர் அடிமட்டத்துக்கு வந்த நேரமும், கரன்ட் நின்று தண்ணீர் மோட்டர் போட முடியாத நாளும், கிணறு வற்றிய கோடையும் அரைப்பானுக்கு ஓய்வு காலம்.

சுற்றுகிறது, ஆனால் தண்ணீர் இறங்கவில்லை

இது மெஷினின் பழுது அல்ல, குழாயின் பழுது. சிங்குக்குக் கீழே குழாய் ஒரு இடத்தில் வளைந்து இறங்கி ஏறுவதைப் பார்த்திருப்பீர்கள். அந்த வளைவில் எப்போதும் கொஞ்சத் தண்ணீர் நிற்க வேண்டும். குழியில் இருந்து நாற்றமும் கரப்பான் பூச்சியும் மேலே வராமல் அந்தத் தண்ணீர்தான் தடுக்கிறது. அடைப்பும் அநேகமாக அதே இடத்தில்தான் வரும். கீழே வாளி வைத்து, இரண்டு பக்கமும் இருக்கும் பிளாஸ்டிக் நட்டுகளைக் கையால் கழற்றி, வளைவை எடுத்துக் கழுவிப் பூட்டுங்கள். பூட்டும்போது வாஷர் கோணலாகாமல் இருக்கட்டும், கைப்பிடி இறுக்கமே போதும்.

அடைப்பு எடுக்கும் கார மருந்தை அரைப்பான் பூட்டிய சிங்கில் ஊற்றவே வேண்டாம். அது மெஷினின் உட்பாகத்தையும், தண்ணீர் கசியாமல் தடுக்கும் சீல் என்ற பாகத்தையும் தின்னும். அடைப்பு எடுபடாமல் மருந்து உள்ளே தேங்கி நின்றால், பிறகு குழாயைக் கழற்றுபவரின் கண்ணிலும் கையிலும்தான் தெறிக்கும்.

வளைவு சுத்தம், ஆனாலும் தண்ணீர் நிற்கிறதா? குழாயின் சாய்வைப் பாருங்கள். ஓர் அடிக்குக் கால் அங்குலம் இறக்கம் வேண்டும். பத்தடிக் குழாய்க்கு இரண்டரை அங்குலம். எங்கள் பக்கம் பழைய வீடுகளில் ஒன்றேகால் அங்குலக் குழாயை மட்டமாகவே போட்டிருப்பார்கள். பாத்திரம் கழுவிய தண்ணீருக்கு அது சமாளிக்கும், அரைபட்ட உணவுக்குச் சமாளிக்காது. ஒன்றரை அங்குலத்துக்குக் குறையக்கூடாது, இரண்டு அங்குலம் என்றால் நிம்மதி.

இனி குழிக்கு வருவோம். வீதிக்கடியில் கழிவுக் குழாய் ஓடும் நியூயோர்க் நகரத்திலேயே, குழாய்கள் தாங்குமா என்ற பயத்தில் பெரும்பகுதி இடங்களில் இந்த மெஷினை 1997 வரை பூட்ட விடவில்லை. எங்களிடம் இருப்பது வளவுக்குள் ஒரு குழி, சற்றுத் தள்ளி ஒரு கிணறு. அதனால் கூடுதல் யோசனை வேண்டும். அரைபட்ட உணவை நேராக உறிஞ்சு குழிக்கு விட்டால், அந்தப் பொடி குழியைச் சுற்றியுள்ள மண்ணின் துளைகளை அடைத்துவிடும். பிறகு தண்ணீர் உறிஞ்சாது. நடுவில் அடையல் படியும் தொட்டி ஒன்று கட்டாயம் வேண்டும். அந்தத் தொட்டியும் வழமையைவிட விரைவாக நிரம்பும், முன்கூட்டியே திறந்து பார்த்து பவுசர் பிடித்து எடுப்பிக்க வேண்டிவரும். குசினித் தண்ணீரை வாழைப் பாத்திக்கு விடும் வீடுகளில் அரைப்பானே வேண்டாம். மண்ணுக்கு மேலே அழுகும் உணவுக்கு இலையான் மொய்க்கும், எலி வரும், எலிக்குப் பின்னால் பாம்பும் வரும்.

மாரி காலத்தில் இன்னொரு ஏமாற்று நடக்கும். ஐப்பசி தொடங்கி மார்கழி வரை மழை அடித்து, குளம் வான் பாயும் நாட்களில், களிமண் வயல்காணிப் பக்கம் நிலத்தடி நீர் மேலே வந்துவிடும். குழி தானாகவே நிரம்பி நிற்கும். சிங்கில் தண்ணீர் இறங்காது. மெஷின் அடைத்துவிட்டது என்று நினைத்து எல்லாவற்றையும் கழற்றுவார்கள். அந்த நாட்களில் முதலில் மலசலகூடத்தில் தண்ணீர் ஊற்றிப் பாருங்கள். அங்கேயும் மெதுவாகத்தான் இறங்குகிறது என்றால் பிரச்சினை குழியில். மழை ஓய்ந்து நிலத்தடி நீர் வடியும் வரை பொறுக்க வேண்டும்.

நாற்றமும் ஒழுக்கும்

நாற்றம் வந்தால் உள்ளே எதையோ ஊற்றுவதற்கு முன், ஓட்டையில் இருக்கும் கறுப்பு றப்பர் மடல்களைப் பாருங்கள். பிளக்கைக் கழற்றிவிட்டு அதன் அடிப்பக்கத்தைப் பழைய பல்துலக்கியால் சவர்க்காரம் போட்டுத் தேயுங்கள். பத்தில் எட்டு வீடுகளில் நாற்றம் அங்கேதான் குடியிருக்கிறது. அப்புறம் ஒரு கைப்பிடி ஐஸ் கட்டியும் கொஞ்சம் உப்பும் போட்டு அரைத்தால் உட்சுவர் உரசிச் சுத்தமாகும். ஐஸ் கத்தியைத் தீட்டும் என்று சொல்வார்கள். தீட்டுவதற்கு அங்கே கத்தியே இல்லை. கடைசியாகப் பிழிந்த தேசிக்காய்த் தோலைச் சின்னதாக வெட்டிப் போடுங்கள்.

ஒழுக்கு எங்கிருந்து வருகிறது என்று கண்டுபிடிக்க மஞ்சள் தூள் உதவும். மெஷினை நிறுத்தி, வெளிப்பக்கம் முழுவதையும் துணியால் துடைத்துக் காயவிட்டு, சிங்கின் ஓட்டையை மூடி, தண்ணீர் நிரப்பி மஞ்சள் கரையுங்கள். கீழே வெள்ளைக் கடதாசி விரியுங்கள். மேல் கழுத்தில் மஞ்சள் துளி தெரிந்தால், அதிர்வில் தளர்ந்த ஆணிகளை இறுக்க வேண்டும், இல்லாவிட்டால் சிங்கோடு சேரும் இடத்துக்குப் புதிதாகச் சிலிக்கன் போட வேண்டும். மூடியை எடுத்து ஓட விடும்போது பக்கக் குழாயில் ஒழுகினால் அங்கேயுள்ள வாஷர் மாற்றினால் தீரும். அடிப்பாகத்தில் இருந்து, சிவப்புப் பட்டன் பக்கமாகச் சொட்டினால் உள் சீல் போய், தண்ணீர் மோட்டர் வழியாக வருகிறது. அதைத் திருத்தச் செலவழிக்காதீர்கள். மெஷினை மாற்றுங்கள், மாற்றும் வரை பிளக்கைச் செருகாதீர்கள்.

பூட்டிக் கிடக்கும் வீடு

எங்கள் பக்கத்துக்கே உரிய பழுது ஒன்று உண்டு. வைகாசியில் வற்றாப்பளைப் பொங்கலுக்கு வந்து வீட்டைத் திறந்து, ஒரு மாதம் இருந்துவிட்டு, பூட்டிக்கொண்டு போகிறார்கள். அடுத்த வருடம் வந்து சுவிட்சைப் போட்டால் உறுமல். உள்ளே எதுவும் சிக்கியிருக்காது. எங்கள் கிணற்றுத் தண்ணீரில் சுண்ணாம்பு அதிகம். கேத்தல் அடியில் படியும் வெள்ளையைப் பாருங்கள். தண்ணீர் காய்ந்துபோனதும் அதே வெள்ளையும் துருவும் சேர்ந்து தட்டையும் வளையத்தையும் ஒட்ட வைத்துவிடுகின்றன. இரண்டுக்கும் நடுவில் இருக்கும் இடைவெளி மிகச் சிறியது, ஒட்டுவதற்கு அதிகம் தேவையில்லை.

அதனால் பூட்டியிருந்த வீட்டைத் திறந்ததும் சுவிட்சைத் தேடாதீர்கள். பிளக்கைக் கழற்றி வைத்து, ஓட்டைக்குள் ஒரு போத்தல் வினாகிரி ஊற்றி, ஒரு மணித்தியாலம் விடுங்கள். பிறகு எலன் கீயால் மெதுவாக அசைத்துப் பாருங்கள். நாலைந்து முழுச் சுற்று வந்த பிறகு தண்ணீரைத் திறந்து, பிளக்கைச் செருகி ஓட விடுங்கள். அதே வீட்டில் குசினியைத் திறந்ததும் குழி நாற்றம் அடிக்கிறது என்றால் பயப்பட வேண்டாம். குழாய் வளைவில் நின்ற தண்ணீர் ஆவியாகிப் போயிருக்கும், இரண்டு வாளி ஊற்றினால் அடங்கிவிடும்.

இதைவிட நல்ல வழி ஒன்றை விசுவமடு மாமியின் பக்கத்து வளவில் பார்த்தேன். அங்கே வீட்டுக்காரர் வெளிநாட்டில். சாவி மாமியிடம். அவர் இரண்டு கிழமைக்கு ஒருமுறை சனிக்கிழமை போய் யன்னல்களைத் திறந்து, முற்றம் கூட்டி, சிங்கில் தண்ணீரைத் திறந்து, அரைப்பானை ஒரு நிமிடம் ஓட விட்டுவிட்டு வருகிறார். எலன் கீயைச் சாவிக் கொத்திலேயே கோர்த்து வைத்திருக்கிறார்.